கழுத்தொடிச்சானில் இறங்கிய பிணம்

"கேபிள் கார்ல மலை ஏறுறவன் மனுஷன். அதுலயே திரும்பி இறங்குறது மூணே மூணுதான். டூரிஸ்ட், சினை மாடு, பிணம்."

இன்ஸ்பெக்டர் ஹால்டர் இதைச் சட்டப்பிரிவு போல ஒப்பித்துவிட்டுக் காபியை உறிஞ்சினார். இந்த ஓபர்கிராட் மலையூரில் பிறந்தவன் பனிச்சறுக்குக் கட்டையில் இறங்குவான். இல்லையென்றால் மேலேயே இருந்துவிடுவான்.

"கால் ஒடைஞ்சா சார்?" என்றாள் கான்ஸ்டபிள் நோட்புர்கா.

"இன்னொரு கால் எதுக்கு இருக்கு?"

போன் அலறியது.

கேபிள் கார் ஓட்டுகிற ஆம்ப்ரோஸ்.

"ஐயா... நம்ம செவரின்... கேபிள் கார்ல வந்து சேர்ந்துட்டான்யா..."

ஹால்டர் கோப்பையை வைத்துவிட்டு எழுந்தார்.

செவரின்! ஊரின் பனிச்சறுக்குச் சாம்பியன். இன்று மதியப் பந்தயத்தில் கழுத்தொடிச்சான் என்கிற செங்குத்துப் பாதையில் முதல் ஆளாகப் பாய வேண்டியவன். அவன் கேபிள் காரில் இறங்கினான் என்றால்...

"கொலை," என்றார் ஹால்டர்.

அடிவார நிலையத்தில் ஆம்ப்ரோஸ் தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்திருந்தான். ஊரின் கோயில் மணிக்காரனும் அவனே. சாவு மணியை அடித்து முடித்துவிட்டுத்தான் போன் செய்திருந்தான்.

"என்னத்தைப் பாத்தே?"

"கேபிள் கார் பெட்டியோட தரையில நீட்டிப் படுத்திருந்தான்யா. மேல சிவப்புப் போர்வை. காலு ரெண்டும் வெளியே... அவனோட பந்தய பூட்ஸ். மூஞ்சியைப் பாக்க மனசு வரல. நேரா மணியடிக்க ஓடிட்டேன்."

"பிணம் எங்கே?"

"திரும்பி வந்து பாத்தா... காணோம்யா."

பெட்டிக்குள் போர்வை மட்டும் கிடந்தது. பக்கத்தில் சிவப்பாக ஒரு கறை.

ஹால்டர் கடிகாரத்தைப் பார்த்தார். மணி அடித்தாகிவிட்டது. அடக்கம் முடியும்வரை மலையில் பந்தயம் கிடையாது என்பது ஊர் வழக்கம். பிணம் இல்லாமல் அடக்கம் ஏது? மதியத்துக்குள் கிடைக்காவிட்டால் பந்தயம் பக்கத்துப் பள்ளத்தாக்குக்குப் போய்விடும். அந்த ஊர்க்காரர்களோ சீஸைக்கூடக் கேபிள் காரில் இறக்குகிறவர்கள்!

நோட்புர்கா குனிந்து எழுந்தாள்.

"சார், இது ரத்தம் இல்ல. காட்டுப்பழ ஜாம்."

"எப்படிச் சொல்றே?"

"நக்கிப் பாத்தேன்."

"தடயத்தையா?"

"இனிப்பு கொஞ்சம் தூக்கல், சார்."

வெளியே பனியில் பூட்ஸ் தடங்கள் தெரிந்தன. செவரினின் பூட்ஸ்தான். பெட்டியிலிருந்து கிளம்பி, நிலையத்துக்குப் பின்னால் போயின.

"செத்தவர் நடந்து போயிருக்கார் சார்."

"கொலைகாரன் பிணத்தோட பூட்ஸைக் கழட்டி மாட்டிக்கிட்டுப் போயிருக்கான்."

"அப்போ பிணம்?"

"தோள்ல."

"ஒருவேளை செவரின் உயிரோடவே இறங்கி..."

"நோட்புர்கா!" ஹால்டர் கையை உயர்த்தினார். "செத்தவனைக் கேவலப்படுத்தாதே."

தடங்கள் சீஸ் கிடங்கின் வாசலில் முடிந்தன. ஹால்டர் துப்பாக்கியை உருவிக்கொண்டு கதவை உதைத்தார்.

உள்ளே, சீஸ் உருண்டைகளுக்கு நடுவே ஒருவன் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மோவாயில் ஜாம்.

செவரின்!

"டேய், நீ சாகலையா?"

"கத்தாதீங்கண்ணே. செத்தவனாவே விட்டுடுங்க. புண்ணியமாப் போகும்."

"யாருடா உன்னை இறக்குனது?"

"நானேதான் இறங்குனேன்."

ஹால்டர் துப்பாக்கியை உறையில் செருகினார். கொலை என்றால்கூடத் தாங்கியிருப்பார்.

"ராத்திரி பாதை மேல தண்ணி பாய்ச்சி உறையவிட்டுக் கண்ணாடியாக்கி வச்சிருக்காங்கண்ணே," என்றான் செவரின். "காலைல ஜாம் வச்ச பான்கேக் தின்னுட்டு மேல புறப்பாட்டு வாசல்ல நின்னு எட்டிப் பாத்தேன். பாதையைக் காணோம். கீழ கோயில் கோபுரம்தான் தெரியுது. இடையில ஒண்ணுமே இல்ல. கை ஜாமைக்கூடத் துடைக்கல, கேபிள் கார்ல ஏறி, போர்வையைப் போத்திக்கிட்டுப் பிணம் மாதிரி படுத்துட்டேன்."

"மனுஷன்னா விழணும்டா. எலும்பை எண்ணிப் பொறுக்கணும். கேபிள் கார்ல இறங்குறதும், கல்யாணத்தன்னிக்குப் பொண்ணைக் கோயில்ல விட்டுட்டு ஓடுறதும் ஒண்ணு. வெக்கமா இல்ல?"

செவரின் மோவாய் ஜாமைத் துடைத்தான்.

"மணியடிச்சது தப்புன்னு ஊருக்குச் சொல்லிடலாம்," என்றாள் நோட்புர்கா. "அண்ணன் கட்டையில இறங்கின வேகத்துல யார் கண்ணுக்கும் தெரியலன்னு வச்சுக்குவோம். ஆனா மதியம் இவர் பாயணுமே?"

"பாய்வான்." ஹால்டர் கோட்டுப் பொத்தானைப் போட்டார். "முதல்ல நான் இறங்கிக் காட்டுறேன். போலீஸ் பூட்ஸோட. அதைப் பாத்துட்டு இவன் ஏறட்டும்."

ஒரு ஜோடி கட்டையைத் தோளில் சாத்திக்கொண்டு அதே பெட்டியில் ஏறினார். போர்வை இன்னும் தரையில் கிடந்தது. அதை ஏளனமாகக் காலால் ஒதுக்கினார்.

உச்சி. புறப்பாட்டு வாசல்.

ஹால்டர் எட்டிப் பார்த்தார்.

முதலில் தன் பூட்ஸ் தெரிந்தது. அதற்கு அடுத்ததாகக் கோயில் கோபுரம்.

இடையில் எதையாவது வைக்கக் கடவுள் மறந்துவிட்டார் போலிருந்தது.

"இறங்குறீங்களா?" என்றார் பந்தயக் கொடியோடு நின்றவர்.

"தடயம் ஒண்ணைச் சரிபாக்கணும்," என்றார் ஹால்டர்.

பெட்டி கீழ்நோக்கி நகர்ந்தது. அதன் தரையில், நீட்டி, சிவப்புப் போர்வை. மூஞ்சி மூடியிருந்தது. போலீஸ் பூட்ஸ் இரண்டும் வெளியே நின்றன.

பாதி வழியில், மேலே போகிற பெட்டி எதிர்ப்பட்டது.

போர்வையின் ஓட்டை வழியாக ஹால்டர் பார்த்தார். அதில் செவரின்! திட்டு வாங்கிய சூட்டில், கட்டைகளோடு, நிமிர்ந்து நின்றுகொண்டிருந்தான். போர்வையையும் பூட்ஸையும் கண்டான். தொப்பியைக் கழற்றினான்.

போர்வைக்குள் போன் அதிர்ந்தது.

"சார், நோட்புர்கா. மேலேர்ந்து ஒரு பிணம் வருதுன்னு ஆம்ப்ரோஸ் அண்ணன் பைனாகுலர்ல பாத்துட்டாரு. மணிக்கயித்தைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறாரு."

ஹால்டர் போர்வையை இறுக்கி இழுத்துக்கொண்டார்.

"இறங்குறது மூணுதான்னு நீங்கதானே சொன்னீங்க. பிணம்னா மணியடிக்கணும், பந்தயம் நின்னுடும். டூரிஸ்ட்னா போர்வையை விலக்கி மூஞ்சியைக் காட்டணும். இங்க ஊரே நிக்குது. உள்ளே இருக்குறது என்னன்னு சொல்லட்டும் சார்?"



பிறகு போர்வைக்குள்ளிருந்து, மிகத் தாழ்வாக, ஒரு குரல் வந்தது.

"ம்மா..."

நோட்புர்கா போனைப் பொத்திக்கொண்டு திரும்பினாள்.

"அண்ணே, கயித்தை விடுங்க. கோயில் மணி வேண்டாம். கழுத்துல கட்டுற மாதிரி சின்னதா ஒண்ணு இருந்தா எடுத்துட்டு வாங்க."