ஜெபசிங் முடிக்காத ஆட்டம்

புத்தூரில் சர்ச்சுக்குப் பின்னால் இருந்த அந்த வீட்டுக் கதவை லீனா தட்டியபோது காலை பதினொரு மணி. பழைய பலகை விளையாட்டுகளையும் கதை விளையாட்டுகளையும் ஸ்கேன் செய்து இணையத்தில் சேமிக்கும் ஆவணகம் ஒன்றுக்காகத் திருப்பதியிலிருந்து வந்திருந்தாள்.

ரிட்டயரான டீச்சர் எலிசபெத் ஒரு நீல நோட்டை நீட்டினார். முப்பது வருடங்களுக்கு முன் கிணற்றில் விழுந்து இறந்த அவருடைய தம்பி ஜெபசிங், காலேஜில் படித்தபோது கைப்பட எழுதிய ஆட்டம். ஒருவர் கதை சொல்வார். மற்றவர்கள் அதில் வரும் ஆட்களாகிப் பகடை உருட்ட வேண்டும்.

“பாதிலயே நிக்குது. இதுவும் செல்லரிச்சிப் போச்சுன்னா, அவன் இருந்தான்றதுக்கு வேற ஒண்ணும் இல்லம்மா.”

வெளியே வெயில் கொளுத்தியது. அறைக்குள் மட்டும் பாசி வாடை.

கடைசிப் பக்கத்தில் இரண்டே வரி. ‘கிணற்றின் அடியில் ஒரு கதவு. அதைத் திறந்தால்...’ அதற்குக் கீழே வெறும் தாள்.

லீனா அதைப் போனில் ஸ்கேன் செய்தாள்.

திரையில் அந்த வரி தொடர்ந்தது.

‘இருட்டு. தனியாக இருக்கிறேன். யார் வருகிறீர்கள்?’

தாளைப் பார்த்தாள். ஒன்றுமில்லை. மறுபடி ஸ்கேன் செய்தாள்.

‘அக்கா, நீ வருகிறாயா?’

“ஆண்ட்டி, பாக்காதீங்க...”

எலிசபெத் ஏற்கெனவே பின்னால் வந்து நின்றிருந்தார். அவர் முகத்தில் பயமே இல்லை. கண்ணீர் வழிந்துகொண்டிருந்தது.

“அவன் கையெழுத்துதான்.” நோட்டை எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டார்.

“நோட்ட குடுத்துடுங்க ஆண்ட்டி. எனக்கு பயமா கீது.”

“இத்தினி வருஷமா தனியா இருந்துக்கினு கீறான்,” என்று முணுமுணுத்தார் எலிசபெத். “நீ கெளம்பு, கண்ணு.”

நோட்டைப் பிடுங்கப் பார்த்தாள் லீனா. எலிசபெத்தின் விரல்கள் ஐஸாய்க் குளிர்ந்திருந்தன. கையை உதறிக்கொண்டு வெளியே ஓடினாள். எடுத்த படங்கள் அத்தனையையும் பஸ்ஸிலேயே அழித்தாள்.

மூன்றாம் நாள் எலிசபெத்தின் பக்கத்து வீட்டு ஷோபா போன் செய்தாள்.

“டீச்சர் போய்ட்டாங்க. மேஜை மேல தல வெச்சபடியே. குழாய்ல ரெண்டு நாளா தண்ணி வரல... ஆனா அவுங்க பொடவ முழுக்க சொட்டச் சொட்ட ஈரம்.”

லீனா ஆவணகத்தின் தளத்தைத் திறந்தாள்.

ஜெபசிங்கின் ஆட்டம் அங்கே இருந்தது. அலுவலகத்தில் யாரும் ஏற்றவில்லை. பழைய கடைசிப் பக்கத்துக்குப் பிறகு, பக்கம் பக்கமாகப் புதிய எழுத்து. இரண்டு கையெழுத்துகள், மாறி மாறி. இரண்டாவது, ஒரு டீச்சரின் குண்டு குண்டான எழுத்து.

கடைசியில் ஒரு வரி: ‘இங்கே இன்னும் இடம் இருக்கிறது.’

அதன் கீழே, பதிவிறக்கியவர்கள்: 41.

லீனா தளத்திலிருந்து அந்தக் கோப்பை அழித்தாள். மறுபடி திறந்தாள்.

42.