ஆள் வருது

அன்புள்ள அக்காவுக்கு,

யார் யார் இருந்தோம், யார் எங்கே உட்கார்ந்திருந்தோம் என்பதை முதலில் எழுதிவிடுகிறேன். எல்லாம் அதில்தான் இருக்கிறது.

முன்னால் சிவப்புக் கயாக்கில் வழிகாட்டிப் பெண், தனியாக. அவளுக்குப் பின்னால் மஞ்சள் கயாக்கில் ஓய்வுபெற்ற நர்ஸம்மா ஒருவர், அவருக்குப் பின் இருக்கையில் அவருடைய தங்கை. கடைசியாக நீலக் கயாக். முன் இருக்கையில் நான், பின் இருக்கையில் மாமா, உன் வீட்டுக்காரர்.

கயாக் என்பது நீளமான, ஒடுக்கமான சின்னப் படகு. பின்னால் இருப்பவர்தான் அதைத் திருப்புவார். முன்னால் இருப்பவன் கண்ணுக்கு, பின்னால் இருப்பவர் தெரியமாட்டார். அவருடைய துடுப்புச் சத்தம் மட்டும் கேட்கும். இதை நினைவில் வைத்துக்கொள்.

இந்தக் கடிதத்தை வீட்டுக்கு அனுப்பாமல் உன் மருந்துக்கடைக்கு அனுப்புகிறேன். வீட்டில் போனை இப்போதெல்லாம் அவர்தான் எடுக்கிறார், உன் செல்போனையும் சேர்த்து. கடையிலேயே உட்கார்ந்து கடைசி வரை படி. அதற்குப் பிறகு வீட்டுக்குப் போ.

எனக்கு எதிரே இருக்கும் காலி நாற்காலியில் என் வெள்ளைக் கைக்குட்டையை விரித்துப் போட்டுவிட்டுத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன். ஏன் என்று உனக்குப் போகப் போகப் புரியும்.

காலை வெளிச்சம் நன்றாக வந்த பிறகுதான் கிளம்பினோம். வழிகாட்டிப் பெண் எங்கள் லைஃப் ஜாக்கெட்டுகளை ஒவ்வொன்றாக இழுத்துப் பார்த்தாள்.

"கவுந்துட்டா கத்தாதீங்க. கத்துனா வாய்க்குள்ள தண்ணிதான் போகும். சும்மா மிதங்க, நான் வந்து தூக்கிக்கிறேன். அப்புறம் அந்த உடைஞ்ச கப்பல். பாக்கலாம், போட்டோ எடுக்கலாம். ஏறக் கூடாது."

"ஏறுனா என்னம்மா? டிக்கெட் கேப்பாங்களா?" என்றார் மாமா.

நர்ஸம்மா குலுங்கிச் சிரித்தார். அந்தப் பெண் சிரிக்கவில்லை. "கேட்டாலும் கேப்பாங்க சார்," என்று சொல்லிவிட்டு அடுத்த பக்கிளைப் பூட்டினாள்.

மாமாவை உனக்குத் தெரியும். நாலு பேர் கூடிவிட்டால் அவர் வாய்க்கு நான்தான் அவல். "டேய் கணக்கு, துடுப்பைத் தலைகீழாப் புடிச்சிருக்கியே, அது என்ன பேனாவா?" என்றார். எதையும் எழுதி வரிசைப்படுத்தி வைப்பவன் என்று எனக்கு அவர் வைத்த பெயர் அந்தக் கணக்கு. பிறகு நர்ஸம்மாவிடம், "என் பொண்டாட்டி முந்தானையில முடிஞ்சு கொண்டாந்த சில்லறைம்மா இவன். செலவும் பண்ண முடியல, தொலையவும் மாட்டேங்குறான்," என்றார். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். உள்ளே எரிந்துகொண்டிருந்தது.

கழிமுகம் தாண்டும்வரை அமைதியாகவே இருந்தது. நட்ட கம்புகளின் மேல் நீர்க்காகங்கள் சிறகை விரித்துக் காயவைத்துக்கொண்டிருந்தன. ஓர் ஆமை தலையை நீட்டி, எங்களைப் பார்த்து, பிடிக்காதது போல உள்ளே போனது. தூரத்தில் ஒரு டால்பினின் முதுகு எழுந்து தாழ்ந்தது. அப்போதே திரும்பியிருந்தால், உனக்கு இதையெல்லாம் கதையாகச் சொல்லியிருப்பேன்.

கப்பல் கண்ணுக்குத் தெரியும் முன் அதன் வாடை வந்தது. ஊறிய இரும்பின் வாடை. அதற்கு அடியில், வெகுநாள் பூட்டிக் கிடந்த அறையைத் திறந்தால் வருமே, அந்த வாடை. சரக்குக் கப்பல் அது. ஒரு பக்கம் மணலில் புதைந்து, மறுபக்கத்துத் தளம் தண்ணீர் மட்டம்வரை சாய்ந்து, கால் வைத்து ஏறுங்கள் என்பது போல இருந்தது. அலை அதன் வயிற்றுக்குள் போய், எங்கோ ஓர் அறையில் மோதி, பெருமூச்சாக வெளியே வந்தது.

சிவப்பும் மஞ்சளும் கப்பலின் முனையைச் சுற்றி அந்தப் பக்கம் போயின. மாமா தளத்தின் கைப்பிடிக் கம்பியைப் பிடித்துப் படகை நிறுத்தினார்.

"மேல கூடு இருக்கு பாரு, குஞ்சோட. ஒரே ஒரு போட்டோ."

"ஏறக் கூடாதுன்னு சொன்னாங்களே மாமா."

"சொன்னவங்க அந்தப் பக்கம் போயாச்சு."

அவர் ஏறியதும் படகு தக்கை போலத் துள்ளியது. குனிந்து, தன் கட்டம் போட்ட கைக்குட்டையை உதறிப் பின் இருக்கையில் விரித்தார். பஸ் நிற்கும் முன்பே ஜன்னல் வழியாகக் கைக்குட்டை எறிந்து உனக்கும் எனக்கும் இடம் பிடிப்பாரே, அதே மாதிரி.

"இடம் புடிச்சாச்சு. யாராவது கேட்டா என்ன சொல்லுவே?"

நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு இருந்தேன்.

"வாயத் தொறடா."

"ஆள் வருதுன்னு சொல்றேன்."

"அதான். போன தடவை பஸ்ஸுல செஞ்ச மாதிரி எவனுக்கோ தூக்கிக் குடுத்துட்டு நிக்காதே."

சிரித்துக்கொண்டே சாய்ந்த தளத்தில் மேலே போனார். தகரத்தில் அவர் காலடி தடதடத்தது. பிறகு தூரமானது. பிறகு கேட்கவில்லை.

பனிமூட்டம் எப்போது இறங்கியது என்று கவனிக்கவில்லை. மேலே இருந்த கூடு மறைந்தது. கப்பலின் மேல்பாதி மறைந்தது. அந்தப் பக்கமிருந்து விசில் ஊதியது. "மூட்டம் எறங்குது! எல்லாரும் சத்தம் வர்ற பக்கம் வாங்க!"

"மாமா, வாங்க," என்றேன்.

பதில் இல்லை.

தண்ணீர் கப்பலுக்குள் போய் மூச்சு விட்டது.

பிறகு, என் பிடரிக்கு மிக அருகில், ஒருவர் கேட்டார்.

"இடம் இருக்கா?"

தாழ்ந்த, மரியாதையான குரல். நெடுநேரம் நின்று களைத்தவர் கேட்பது போல.

அது மாமா இல்லை என்று எனக்குத் தெரியும், அக்கா. மாமா கேட்டுவிட்டு உட்காருகிற ஆளா? தொப்பென்று விழுவார். அது வேறு யாரோ என்று தெரிந்தேதான் பேசினேன். தெரியாமல் செய்தான் என்று எனக்காக நீ சொல்லிக்கொள்ளாதே.

சொல்ல வேண்டிய இரண்டு வார்த்தை நாக்கு நுனியில் இருந்தது. ஆனால், கேட்டவரிடம் இல்லை என்று சொல்ல எனக்கு எப்போதும் வராது. நல்ல குணம் என்று ஊரே சொல்லும். குணமும் இல்லை ஒன்றும் இல்லை, பயம். போதாததற்கு, காலையில் பட்ட அவமானமும் உள்ளே கிடந்தது.

"இருக்கு," என்றேன். "உக்காருங்க."

படகு தாழ்ந்தது.

ஆள் ஏறினால் படகு ஆடும். இது ஆடவில்லை. நிறையும் குடம் போல மெதுவாக, மெதுவாகத் தாழ்ந்தது.

பின்னால் துடுப்பு தண்ணீரில் விழுந்தது. என் துடுப்பு விழும்போதெல்லாம் அதுவும் விழுந்தது. ஒரு தடவைகூடத் தவறவில்லை. என் பிடரியில் மூச்சு எதுவும் படவில்லை, குளிர் மட்டும் பட்டது.

அப்போது கப்பலிலிருந்து கேட்டது.

"டேய் கணக்கு! எங்கடா போறே? நான் இங்க இருக்கேன்டா!"

நான் திரும்பவில்லை.

"கணக்கு! பின்னாடி யார்ரா அது?"

துடுப்பு போட்டேன்.

மூட்டத்துக்குள்ளிருந்து வழிகாட்டிப் பெண் ஆள் சரிபார்த்தாள். "மஞ்சள்?"

"ரெண்டு பேரும் இருக்கோம்மா," என்றார் நர்ஸம்மா.

"நீலம்?"

என் பின்னால் துடுப்பு நின்றது. நான் என்ன சொல்லப் போகிறேன் என்று அதுவும் காத்திருந்தது.

"ரெண்டு பேரு," என்றேன்.

துடுப்பு மறுபடியும் விழுந்தது.

பொய் சொல்லவில்லையே, படகில் இரண்டு பேர் இருந்தோமே என்று இன்றுவரை எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டு வருகிறேன்.

கரை தட்டியதும் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கண்ணைத் திறந்தபோது பக்கத்தில் நின்றது, பார்வைக்கு மாமாதான். அதே சட்டை, அதே மீசை, அதே கண்ணாடி. தலைமுதல் கால்வரை சொட்டச் சொட்ட நனைந்திருந்தார். பின் இருக்கையில் கைக்குட்டை இல்லை. என்னைப் பார்த்துக் கைகூப்பி, "இடம் குடுத்தீங்க. ரொம்ப நன்றிங்க," என்றார்.

என்னிடம். நீங்க என்று.

"என்னங்க இது, போகும்போது வாய் ஓயல, வரும்போது ஊமையாயிட்டாரே?" என்றார் நர்ஸம்மாவின் தங்கை.

"கடல் காத்து ஒத்துக்கல போல," என்றேன். அதையும் நான்தான் சொன்னேன்.

பிறகு நீ போன் செய்தாய். "உங்க மாமா அடியோட திருந்திட்டாருடா. கத்துறதில்ல, கிண்டல் பண்றதில்ல. சோபாவுல உக்காரணும்னாகூட இடம் இருக்கான்னு கேட்டுட்டுதான் உக்கார்றாரு. நான் இருக்குங்க, உக்காருங்கன்னு சொல்லிச் சிரிக்கிறேன்," என்றாய்.  அப்போதும் நடந்ததை உன்னிடம் சொல்லவில்லை.

ஏன் சொல்லவில்லை என்பதுதான் இந்தக் கடிதத்தில் எழுதவே கூசுகிற இடம். உங்கள் வீட்டுக்கு வந்தபோது அவர் எனக்காக எழுந்து நின்றார். என் பேச்சை நடுவில் வெட்டவில்லை. கணக்கு என்று கூப்பிடவில்லை. இத்தனை வருடத்தில் அந்த வீட்டில் முதல் முறையாக எனக்கு மரியாதை கிடைத்தது. எனக்கு அது பிடித்திருந்தது, அக்கா. கப்பலில் கேட்டது வெறும் மூட்டத்தின் குரல், இவர்தான் நிஜம் என்று நம்பிக்கொள்வது சுலபமாக இருந்தது.

நேற்று வழிகாட்டிப் பெண் எனக்குப் போன் செய்தாள்.

"சார், தப்பா நினைச்சுக்காதீங்க. அன்னைக்கு உங்க படகு ரொம்பத் தாழ்ந்து வந்துச்சு. ரெண்டு பேரு எடையில்ல அது. அப்பவே கேட்டிருக்கணும், கேக்காம விட்டுட்டேன்."

அவளே தொடர்ந்தாள்.

"அந்தப் பக்கம் போறப்பல்லாம் ஒரு குரல் கேக்குது சார். முதல்ல திட்டுச்சு. இப்ப திட்டுறதில்ல, கெஞ்சுது. 'கணக்கு, இடத்தை விட்றாதடா'ன்னு. ஒரே ஒரு விஷயம் கேக்கணும் சார். கணக்குன்னா யாரு?"

"நான்தான்," என்றேன். அந்தப் பெயரைச் சொல்லும்போது எனக்கு அழுகை வந்துவிட்டது.

நாளைக் காலை அவளோடு போகிறேன். அதே நீலக் கயாக். இந்தத் தடவை நான் பின்னால் உட்காருவேன். முன் இருக்கை என் கண்ணெதிரே காலியாக இருக்கும். யார் கேட்டாலும் அன்றைக்குச் சொல்லாததைச் சொல்லுவேன். மாமா வந்து தொப்பென்று விழும்வரை சொல்லிக்கொண்டே இருப்பேன்.

நீ செய்ய வேண்டியது இவ்வளவுதான். வீட்டுக்குப் போனதும் அவருடைய சாப்பாட்டு நாற்காலியில், சோபாவில், கட்டிலில் அவர் படுக்கும் பக்கத்தில், எல்லா இடத்திலும் ஏதாவது துணியை விரித்துப் போடு. சண்டை போடாதே, அழாதே, ஏன் என்று விளக்காதே. அவர் வந்து நின்று கேட்பார். எவ்வளவு பணிவாகக் கேட்டாலும், எவ்வளவு நேரம் நின்றாலும், முகம் மாமா முகமாகவே இருந்தாலும், இருக்கு என்று சொல்லாதே. ஆள் வருது என்று மட்டும் சொல்லு. நமக்கு மாமா சொல்லிக்கொடுத்தது அதுதானே.

நீ என்னை மன்னிக்க வேண்டாம். அவர் வந்த பிறகு, எல்லார் முன்னாலும் என்னைத் திட்டச் சொல்லு. அது போதும்.

உன் தம்பி

அக்கா, கடிதத்தை மடித்துக் கவரில் போட்டு ஒட்டிவிட்டேன். அதனால் இதைக் கவரின் பின்பக்கத்தில் எழுதுகிறேன். கூரியர்காரர் கீழே ஹாரன் அடிக்கிறார். எழுந்திருக்கும்போதுதான் எதிர் நாற்காலியைப் பார்த்தேன். என் வெள்ளைக் கைக்குட்டை தரையில் கிடக்கிறது. நாற்காலியில், அன்று மாமா படகில் விரித்த அதே கட்டம் போட்ட கைக்குட்டை விரித்திருக்கிறது. ஓரத்திலிருந்து தண்ணீர் சொட்டுகிறது. தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தேன். உப்பு.

ஆள் வருது, அக்கா.

கவரைக் கொடுத்துவிடுகிறேன்.