வேம்புலியின் முகப்பதிவு

காலை ஷிப்டுக்கு ஜீவா அம்பத்தூர் கம்பெனி கேட்டுக்குள் நுழைந்தான். இரும்பு கடையும் கட்டிங் ஆயிலின் காட்டம் மூக்கில் ஏறியது. வழக்கம்போல வருகைப் பதிவு மெஷினுக்கு முகத்தைக் காட்டினான்.

பச்சை விளக்கு எரிந்தது.

"வணக்கம், வேம்புலி."

கூட்டாளி வேம்புலி செத்துப் பதினோரு நாள் ஆகிறது. பதினோரு நாளும் இதே வணக்கம்தான்.

தப்பு ஜீவா மேல்தான். லேட்டாக வருகிறவனின் படத்தைச் செல்போனில் திறந்து மெஷினுக்குக் காட்டிவிடுவது கூட்டாளிகளுக்குள் நடக்கிற காரியம். வேம்புலி செத்த அன்றும் அவன் படத்தைக் காட்டினான், காலை ஐந்து ஐம்பத்தெட்டுக்கு. அதற்குப் பத்து நிமிடம் முன்பே, ஆவடி ரோட்டில் லாரிச் சக்கரம் வேம்புலியை முடித்திருந்தது.

அதிலிருந்து மெஷினுக்கு ஜீவா என்று ஒருவன் கிடையாது. வேலைக்கே வரவில்லை என்று நோட்டீஸ். நாளையோடு வேலை காலி.

எச்.ஆர். ராதிகாவின் மேஜை முன் கும்பிட்டு நின்றான்.

"மேடம், அவன் மூஞ்சிய அழிச்சிடுங்க. உங்க காலுல வேணா வுழறேன்."

"சம்மதம் இல்லாம ஒருத்தர் முகப்பதிவைத் தொடக் கூடாதுன்னு வக்கீல் சொல்லியிருக்காரு. வேம்புலியோட சம்சாரம் எழுதித் தரட்டும்."

"செத்தவன் எப்டி மேடம் வேலைக்கு வருவான்?"

ராதிகா திரையைத் திருப்பினாள். அன்றைய பதிவு. ஐந்து ஐம்பத்தெட்டு.

படத்தில் செல்போன் இல்லை. ஜீவாவின் கையும் இல்லை.

வேம்புலியே நின்றிருந்தான். நெற்றியில் ரத்தம் வழிய.

ஜீவா ஓடினான். திருமுல்லைவாயிலில் வேம்புலி வீட்டுக் கதவைத் தட்டும்போது உச்சி வெயில். கையெழுத்து வாங்கக் கொண்டுவந்த வெள்ளைத்தாள் கையில், வியர்வையில் நனைந்திருந்தது.

வேம்புலியின் மனைவி அஞ்சலை கதவைத் திறந்தாள். அழவில்லை. திடுக்கிடவில்லை.

"இன்னாய்யா, இத்தினி நாளா எங்க பூட்ட? உள்ள வா, சோறு ஆறுது."

"அண்ணி... நான் ஜீவா."

"வெளாடாத. ஜீவா இப்பத்தான் வந்து, ஏதோ மிஷின்ல உன் மூஞ்சிய அழிக்கணும்னு கையெழுத்து வாங்கிகினு போறான்."

ஜீவாவின் பையில் செல்போன் அதிர்ந்தது. கம்பெனிச் செய்தி.

'வணக்கம் ஜீவா. இன்றைய வருகை பதிவானது. நீங்கள் கொண்டுவந்த கடிதத்தின்படி வேம்புலியின் முகப்பதிவு நீக்கப்பட்டது.'

"அண்ணி!"

அஞ்சலையின் பார்வை அவனை ஊடுருவித் தெருவில் யாரையோ தேடியது.

"தட்டுன சத்தம் கேட்டுச்சே..."

கதவைச் சாத்தி, தாழ் போட்டாள்.