அந்த அளத்து உப்பு

சோற்றுவேளை முடிந்து மாயம்மாள் கிடங்குக்குத் திரும்பியபோது, காலையில் லாரி கொட்டிவிட்டுப் போன உப்பை யாரோ பலகையால் வாரி வைத்திருந்தார்கள்.

கொச்சி மட்டாஞ்சேரியில் அவளுக்கு இது மூன்றாவது மாதம். எழுபத்தெட்டில் தூத்துக்குடிப் பக்கத்து உப்பளங்களை ஒரு கம்பெனி வளைத்துப்போட்டு மிஷினை இறக்கியது. பாத்தி மிதித்த கால்களுக்கு அங்கே வேலை இல்லை. அவளும் புருஷன் செல்லதுரையும் சுக்கும் மிளகும் மணக்கிற இந்தத் தெருவுக்கு மூட்டை பிடிக்க வந்தார்கள். அளத்தை விடமாட்டேன் என்று நின்ற அவள் அண்ணன் இசக்கிமுத்து வரவில்லை. அவன் பம்பாய் போய்விட்டதாகச் செல்லதுரை சொன்னான். சொல்லாமல் கொள்ளாமல் போகிற ஆளா அவன் என்று அவளுக்கு அப்போதே உறுத்தியது.

இன்று வந்தது அந்த அளத்து உப்பு.

"இஸ்மாயிலிக்கா, உள்ள யாரு போனா?"

"ஆரும் போயில்ல. சாவி என் மடியிலல்லே இருக்கு," என்றார் மேஸ்திரி முகமது இஸ்மாயில். அவர்தான் இப்போது பூட்டைத் திறந்துவிட்டவர். சொல்லிவிட்டுச் சாயா குடிக்கப் போனார்.

மாயம்மாள் குனிந்து பார்த்தாள். இழுத்த தடமெல்லாம் இடப்பக்கம் சாய்ந்திருந்தது. இடக்கையால் பலகை இழுக்கிறவன் அவர்கள் அளத்தில் ஒருவன்தான்.

அவள் அண்ணன் இசக்கிமுத்து.

செல்லதுரை வாசலில் மழையில் நனைந்துகொண்டு நின்றான்.

"ஏன் உள்ள வரமாட்டேங்கிய?"

"வேலையப் பாரு."

காலையில் லாரியைக் கண்டதிலிருந்தே திருட்டு முழி முழித்துக்கொண்டிருந்தான்.

அளத்தில் ஒரு வழக்கம் உண்டு. இரண்டு பேர் வாரினால், ஆளுக்கொரு முனையில் தொடங்கி நடுவில் சேர வேண்டும். மாயம்மாள் பலகையை எடுத்து இந்த முனையில் ஒரு இழுப்பு இழுத்தாள்.

சரக்.

குவியலுக்கு அந்தப் பக்கம், இருட்டில்.

சரக்.

அவள் நிறுத்தினாள். அது நிறுத்தவில்லை. நெருங்கி வந்தது. கூடவே அளத்துச் சேற்று வாடையும் வந்தது.

"அண்ணே..." இருட்டைப் பார்த்துக் கேட்டாள். "நீ பம்பாய்க்கா போன?"

சத்தம் நின்றது.

பதில் வாசலிலிருந்து வந்தது.

"நான் தள்ளல மாயம்மா!" செல்லதுரையின் குரல் கீச்சிட்டது. "கம்பெனிக்காரன் அளத்துக்கு உங்கண்ணன் கைநாட்டு கேட்டான், அதுக்குத்தான் கூட்டிட்டுப் போனேன். அவனாத்தான் அளத்துக் கெணத்துக்குள்ள விழுந்தான்!"

கிணற்றைப் பற்றி அவள் வாயே திறக்கவில்லை.

"பாவி, எங்கண்ணனக் கொன்னுட்டியே!" என்று அலறினாள்.

சரக்.

இந்த முறை கிடங்குக்குள் இல்லை. வெளியே, தெருவில், செல்லதுரையின் முதுகுக்குப் பின்னால். அவன் திரும்பிப் பார்க்கத் துணியவில்லை. மாயம்மாள் பார்த்தாள். தெருமுனையிலிருந்து அவன் குதிகால் வரை ஒரு வெள்ளைக்கோடு நீண்டு கிடந்தது.

உப்பு. அத்தனை மழையிலும் அது கரையவில்லை.