வசனமில்லாத கடைசிக் காட்சி

“என்னைய விட்டுட்டுப் போயிராதீங்க... நீங்க இல்லாம நான் எப்பிடி இருப்பேன்?”

ஓடுகிற பஸ்ஸில், காதுக்கு வெகு அருகில், முன்பின் தெரியாத ஓர் ஆண்குரல் இப்படிக் குழைந்தால் எந்தப் பெண்ணுக்குத்தான் கோபம் வராது? சத்யப்பிரியாவுக்கு வந்தது. ராஜபாளையத்தில் பஸ் ஏறியதிலிருந்தே அவள் மனசு சரியில்லை. வெளியே மழை. கல்லூரிக்கு வந்த வெளியூர்ப் பேராசிரியர் மாலை ரயிலுக்குக் கிளம்புகிறாராம். ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா இல்லாமல் அவரை அனுப்பினால் ஆங்கிலத் துறையின் மானமே போய்விடுமாம். இதற்குத்தானா முட்டி மோதி டாக்டர் பட்டம் வாங்கினோம் என்று நொந்துகொண்டிருந்த நேரத்தில்தான் இந்தக் குழைச்சல்.

வெடுக்கென்று நிமிர்ந்தாள்.

“ஹலோ... யாரைப் பார்த்து என்ன சொல்றீங்க?”

கம்பியைப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடி நின்றிருந்தவன் திடுக்கிட்டு விழித்தான். முப்பது வயதிருக்கும். மழையில் நனைந்த தலைமுடி நெற்றியில் ஒட்டியிருந்தது. அந்தக் கண்கள்... அடடா, திருடன் கண் அப்படி இருக்காது. தூக்கத்தில் எழுப்பிவிட்ட குழந்தையின் கண்கள்.

“ஐயோ... நான் சொல்லல மேடம். செண்பகம் சொன்னா.”

“எந்தச் செண்பகம்?”

“பருத்தி வியாபாரி மக... நாடகத்துல.”

கண்டக்டர் எட்டிப் பார்த்தார். “என்னம்மா, எதும் பிரச்சனையா? எறக்கி விட்ருவமா?”

அவன் முகம் வெளுத்துப் போனது. சத்யப்பிரியாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “வேண்டாம்ண்ணே... நாடகமாம்” என்றாள்.

பேர் தவசிமுத்து. ஊர் மம்சாபுரம். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஒரு கல்யாண மண்டபத்தில் அவன் எழுதிய நாடகம் நடக்கப்போகிறது. கதாநாயகன் அவன்தான். கதாநாயகிதான் கழன்றுகொண்டானாம்.

“கொண்டானா?”

“எங்க ஸ்கூல் பி.டி. சார் விஜயபாண்டி மேடம். லண்டன்ல இந்த நாடகம் ஆடுன காலத்துல பொம்பளைங்க மேடை ஏற மாட்டாகள்ல... ஆம்பளைதான் பொம்பள வேஷம் கட்டுவான். நாமளும் அப்பிடியே செய்வமேன்னு நெனச்சேன். மீசைய எடுக்குறேன்னு ஒத்துக்கிட்டான். இப்ப நாடகத்துக்கு மறுநாள் திங்கக்கெழமை அவனுக்குப் பொண்ணு பார்க்கப் போறாக. மீசையில்லாம போனா பொண்ணு வீட்டுல என்னைய மனுசனாவே மதிக்க மாட்டாகடேங்கான். அதான் செண்பகம் வசனத்தையும் நானே பேசிப் பார்த்துக்கிட்டு வாரேன்.”

“ஏன்... ஊர்ல பொண்ணுங்களே இல்லையா?”

“இருக்காக. கேக்கத்தான் பயம்.”

அவள் வாய்விட்டுச் சிரித்தாள். “என்ன நாடகம் அது?”

“நானூறு வருசத்துக்கு முந்தி ஆடுனது. எழுதுனவன் பேருகூட மிஞ்சல. துறைமுகத்து வியாபாரி மக ஒருத்தி... அவ விரும்புன மாலுமி புயல்ல போயிருதான். பல வருசம் கழிச்சு, ஆளே அடையாளம் தெரியாம திரும்பி வாரான். நான் அதை நம்ம ஊருக்குக் கொண்டாந்துட்டேன். கப்பலுக்குப் பதிலா மாந்தோப்பு, புயலுக்குப் பதிலா வெள்ளம்...”

சத்யப்பிரியாவின் சிரிப்பு அப்படியே நின்றது.

“...கடலை ஓடையாக்கிட்டீங்க” என்றாள் தன்னையறியாமல்.

அவன் ஒரு நிமிஷம் அவளையே பார்த்தான். “படிச்சிருக்கீகளா மேடம்?”

“இல்ல... யாரோ சொன்னாங்க.”

சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். படித்திருக்கிறாளாவது! புனைபெயரில் வந்திருந்த அந்த நாடகப் புத்தகத்தைப் போன மாதம் கிழித்துத் தொங்கவிட்டதே அவள்தானே. எலிசபெத் மகாராணி காலத்து நாடகங்கள் தமிழுக்கு வந்த கதையைத்தான் அவள் ஆராய்ச்சிக்கு எடுத்திருந்தாள். அந்த மிதப்பில், பெயரின் முதலெழுத்துகளை மட்டும் போட்டு ஒரு சிறுபத்திரிகையில் விமர்சனம் எழுதினாள். ‘கடலை ஓடையாகச் சுருக்கிவிட்டார்’ என்பது அதன் முதல் வரி. எழுதியபோது அவ்வளவு இனித்த வரி... இப்போது அவளையே திருப்பிக் குத்தியது.

“மேடம், ஒரு உதவி. செத்த நேரம் இந்தச் செண்பகம் வசனத்த வாசிப்பீகளா? மாப்பிள்ளை வசனத்த நான் சொல்லிப் பார்த்துக்கிடுதேன்.”

போனை நீட்டினான். வேண்டாம் என்று சொல்லத்தான் நினைத்தாள். வாசித்தாள்.

“என்னைய விட்டுட்டுப் போயிராதீங்க. மேகம் மலையைத் தொட்டா, தண்ணி எங்க வீட்டு வாசலத் தொட எம்புட்டு நேரம் ஆகும்?”

டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்த கண்டக்டரின் கை நின்றது. முன்சீட்டில் குழந்தையைத் தூங்கவைத்துக்கொண்டிருந்த அம்மா திரும்பிப் பார்த்தாள். தவசிமுத்து தன் வசனத்தைச் சொல்லவில்லை. மறந்தே போனான். சன்னலுக்கு வெளியே மேற்குமலை மேகத்துக்குள் முங்கிக் கிடந்தது. அவன் அதைப் பார்த்தான். பிறகு அவளைப் பார்த்தான். இரண்டையும் ஒரே வியப்போடுதான் பார்த்தான் என்று சத்யப்பிரியாவுக்குத் தோன்றியது.

“நீங்க... நடிப்பீகளா?”

நான் கிழிக்கத்தான் லாயக்கு சார் என்று சொல்ல வேண்டியவள், “சரி” என்று சொல்லித் தொலைத்தாள்.

அன்று பால்கோவா வாங்கினாளா என்று கேட்கிறீர்களா? வாங்கினாள். மழைக்கு ஒதுங்கி நின்று அவனோடு பேசிக்கொண்டிருந்ததில் பேராசிரியரின் ரயில்தான் போய்விட்டது.

மறுநாள் அவளுடைய போனுக்கு வசனம் வந்தது. முழு நாடகம் அல்ல. செண்பகத்தின் பேச்சு மட்டும். ஒவ்வொன்றுக்கும் மேலே, அதற்கு முன்னால் மற்றவர் பேசி முடிக்கும் கடைசி இரண்டு வார்த்தைகள். அந்த இரண்டு வார்த்தை காதில் விழுந்ததும் இவள் பேச வேண்டும். அவ்வளவுதான். ஒத்திகையும் கிடையாதாம்.

“அந்தக் காலத்துல லண்டன்ல இப்பிடித்தான மேடம்” என்றான் போனில். “அவனவன் வசனம் மட்டும் அவனவன் கையில. நம்ம பக்கத்து நாடகத்துலயும் அதான... ஆளுக்கொரு ஊர்ல இருந்து வருவாக. மேடையிலதான் ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாப்பாக. எதிராளு என்ன சொல்வானோன்னு காதைத் தீட்டிக்கிட்டு நிப்பாக பாருங்க... அது உசிரு மேடம்.”

அவளுக்குத் தெரியும். ஆய்வேட்டில் எழுதியிருக்கிறாள், ஓர் அடிக்குறிப்பாக. பொடி எழுத்தில் கிடந்த அந்த விஷயம் இப்போது அவள் கைக்குள் வந்து துடித்தது. நானூறு வருஷத்துக்கு முன்னால், எங்கேயோ தேம்ஸ் ஆற்றங்கரையில், மீசை முளைக்காத ஒரு பையன் இதே மாதிரி நாலு வரியைக் கையில் வைத்துக்கொண்டு ராத்திரி முழுக்க நடுங்கியிருப்பான் இல்லையா? அவனும் நானும் ஒன்று என்று நினைத்தபோது அவளுக்கு மேல் சிலிர்த்தது.

அந்த வாரம் முழுக்க அவன் தினமும் கூப்பிட்டான். நாடகத்தைப் பற்றித்தான். அப்படித்தான் இரண்டு பேரும் சொல்லிக்கொண்டார்கள்! மம்சாபுரத்தில் மழையா என்பதும், சாப்பிட்டாச்சா என்பதும் நாடகத்தில் எந்தக் காட்சி என்று கேட்டால் அவர்களுக்கே தெரியாது.

வெள்ளிக்கிழமை அவள் கேட்டாள். “சார், கடைசிக் காட்சிக்கு எனக்கு வசனமே வரலையே?”

“கெடையாது மேடம். நான் வந்து ‘என்னையத் தெரியலையா’ன்னு கேப்பேன். நீங்க பேசக் கூடாது. கையை மட்டும் நீட்டணும்.”

“புத்தகத்துல நீளமா இருக்குமே?”

கேட்ட பிறகுதான் நாக்கைக் கடித்தாள். நல்லவேளை, அவன் கவனிக்கவில்லை போலிருந்தது.

“இருந்துச்சு. வெட்டிட்டேன். ஒருத்தவிய விமர்சனம் எழுதியிருந்தாவ... ‘மூலத்தில் அவள் பேசுவதில்லை. அந்த மௌனம்தான் நாடகம். இவருக்கு மௌனத்தின் மேல் நம்பிக்கையில்லை’ன்னு. அதைப் படிச்சிட்டு கொஞ்ச நாளு பேனாவையே தொடல மேடம். ஸ்டாஃப் ரூம்ல எல்லாரும் ‘வாங்க ஓடை சார்’னு கேலி. நாடகமே வேணாம்னுகூட நெனச்சேன். பொறவு யோசிச்சுப் பார்த்தா... மத்ததெல்லாம் எப்பிடியோ, அந்த ஒண்ணு அவிய சொன்னது சரி. அதான் வெட்டிட்டேன்.”

இப்படியும் ஒரு மனிதன் இருப்பானா? அடித்தவளின் கையிலிருந்தே மருந்தை வாங்கிப் போட்டுக்கொண்டு, நன்றியும் சொல்கிறானே... சொல்லிவிடு சத்யா, இப்பவே சொல்லிவிடு என்று மனசு கெஞ்சியது. சொன்னால்? ‘ஓடை’ என்ற பட்டப்பெயரை வாங்கிக் கொடுத்தவள் இவளா என்று ஒரு கணம் அந்தக் கண்கள் மாறுமே... அதைப் பார்க்கிற தைரியம் அவளுக்கு இல்லை.

“என்ன மேடம், லைன்ல இருக்கீகளா?”

“இருக்கேன்... ஞாயித்துக்கெழமை பார்ப்போம் சார்.”

ஞாயிறு மாலை நாலு மணிக்கு மண்டபம் நிறைந்துவிட்டது. மழையும் வந்துவிட்டது. மேடையில் திரைச்சீலை கிடையாது, படுதா கிடையாது. ஒரு பெஞ்சு, ஒரு குடம். செண்பகத்தின் அப்பாவாக நடிக்கிற ஜவுளிக்கடை ஜபருல்லா பாய், சொந்தக் கடைச் சட்டையிலேயே வந்து நின்றார். அரக்குப் புடவையில் சத்யப்பிரியா ஓரத்தில் நின்றாள். முறுக்கு மீசையோடு விஜயபாண்டி வந்து, “எனக்குப் பதிலா நிக்கீக... நல்லா இருப்பீக மேடம்” என்று கும்பிட்டுப் போனார்.

நாடகம் தொடங்கியது. அவள் காதைத் தீட்டிக்கொண்டாள். இரண்டு வார்த்தை விழுந்தது, பேசினாள். அடுத்த இரண்டு வார்த்தை... பேசினாள். பயம் எங்கே போயிற்று என்றே தெரியவில்லை.

பிறகு வெள்ளம் வந்தது.

தவசிமுத்து மேடையின் நடுவில் வந்து நின்றான். சுற்றிலும் டியூப் லைட் வெளிச்சம். மேற்கே கையைக் காட்டி, சத்தமே போடாமல் சொன்னான்.

“மலை எறங்கி வருது... பாருங்க. மாமரம் ஒண்ணு நின்னமேனிக்கே நடந்து வருது. ஆத்துக்குக் கரையில்ல... இந்தா, காலுக்குக் கீழ வந்துட்டு.”

முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஒரு பெண், காலடியில் கிடந்த தன் செருப்பைச் சட்டென்று எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அவளுக்குப் பக்கத்தில் இருந்தவர் காலைத் தூக்கி நாற்காலிமேல் மடக்கினார். யாரும் சிரிக்கவில்லை. ஏனென்றால் யாரும் பார்க்கவில்லை. மண்டபமே வெள்ளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது.

சத்யப்பிரியா அசையாமல் நின்றாள். கண்ணில் நீர் கோத்தது. பட்டப்பகலில், விளக்கில்லாத மேடையில், ‘இருட்டிவிட்டது’ என்று ஒருவன் சொன்னால் லண்டன் ஜனம் மொத்தமும் இருட்டைப் பார்த்தது என்று அவள் எத்தனை வகுப்பில் சொல்லியிருக்கிறாள்! அது பொய்யில்லை. சத்தியம். அந்த ஆதி வித்தை இந்த ஊருக்கு வந்து, ஒரு தமிழ் வாத்தியாரின் குரலுக்குள் குடியேறி, செருப்பை மடியில் எடுக்க வைக்கிறது. கடல் எங்கேயும் சுருங்கவில்லை... அவள்தான் கரையில் நின்று முழங்கால் ஆழம் என்று எழுதியிருக்கிறாள். கும்பிட வேண்டும்போல் இருந்தது அவளுக்கு.

கடைசிக் காட்சி. பல வருஷம் கழிந்துவிட்டது. தோளில் கிழிந்த துண்டோடு அவன் வந்தான். அவளுக்கு எதிரே நின்றான்.

“என்னையத் தெரியலையா?”

இப்போது அவள் கையை நீட்ட வேண்டும். நீட்டினால் நாடகம் முடிந்துவிடும். கையெல்லாம் தட்டுவார்கள். பால்கோவா கொடுப்பார்கள். அவள் பஸ் ஏறி ராஜபாளையம் போய்விடலாம்... சொல்லாமலே.

மழை மட்டும் கேட்டது. அவன் கண்கள் அவளையே பார்த்தன. மௌனம்தான் நாடகம் என்று மேஜையில் உட்கார்ந்து எழுதுவது சுலபம். அதற்குள் வந்து நின்றால்தான் தெரிகிறது... மூச்சு முட்டுகிறது!

“தெரியுது” என்றாள் சத்யப்பிரியா.

ஓரத்தில் ஜபருல்லா பாய் திடுக்கிட்டு நிமிர்ந்தார்.

“நீங்க யாருன்னு எனக்கு நல்லாத் தெரியுது. நான் யாருன்னுதான் உங்களுக்குத் தெரியாது. உங்க மனச நோகடிச்சவ நான்தான். கரையில நின்னுக்கிட்டு ஓடைன்னு சொன்னவ நான்தான். இன்னிக்குத்தான் முங்கிப் பார்த்தேன்... என்னைய மன்னிப்பீங்களா?”

கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டது. சிலர் கண்ணைத் துடைத்தார்கள். நாடகம் என்றால் இதல்லவா நாடகம்! இதற்குப் பதில் வசனம் தவசிமுத்துவிடம் இல்லை. எழுதியவனே அவன்தான், அவனுக்குத் தெரியாதா? பிறகு மெல்லச் சிரித்தான்.

“தெரியும். அன்னிக்குப் பஸ்ஸுல ஓடைன்னு வாயைத் தொறந்தீகள்ல... அப்பவே தெரியும்.”

“ஏலே!” என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் எழுந்தது. “வெள்ளத்துல போனவன் எப்படே பஸ்ஸுல ஏறுனான்?”

மண்டபம் கொல்லென்று சிரித்தது. ஜபருல்லா பாய் சுதாரித்துக்கொண்டு மேடைக்கு ஓடிவந்தார். “சரி சரி... மழையில நின்னது போதும். ரெண்டு பேரும் வீட்டுக்குள்ள வாங்க, மத்தத உள்ள வந்து பேசிக்கிடலாம்!” என்று இரண்டு பேர் தோளையும் பிடித்து உள்ளே தள்ளிக்கொண்டு போனார். அப்படியாக நாடகம் முடிந்தது. கைதட்டல் மழையை அமுக்கிவிட்டது.

மண்டபத்தின் பின்கட்டில், சமையல் அண்டாக்களுக்கு நடுவே, அவளும் அவனும்.

“தெரிஞ்சும் ஏன் கேக்கல?” அவள் தரையைப் பார்த்துக் கேட்டாள்.

“கோவம் இருந்துச்சு. பஸ்ஸுலயே கேட்டுறணும்னுதான் நெனச்சேன். அதுக்குள்ள நீங்க அந்த வசனத்தப் படிச்சிட்டீக... பொறவு என்னத்தக் கேக்க? எம்புட்டு வேணும்னாலும் திட்டிக்கிடட்டும், இந்தக் குரலு பக்கத்துலயே இருக்கட்டும்னு தோணிருச்சு.”

அவள் நிமிர்ந்தாள். அந்தக் கண்கள் மாறவில்லை. அதே குழந்தைக் கண்கள்.

“இந்த நாடகத்துக்கு விமர்சனம் எழுதுவீகளா மேடம்?”

“எழுதுவேன். கடைசிக் காட்சி வசனத்த வெட்ட வச்சது தப்புன்னு எழுதுவேன். அவளால பேசாம இருக்க முடியாதுன்னு எழுதுவேன்.”

“ஏன் முடியாது?”

கேட்டுவிட்டு அவன் காத்திருந்தான். அவள் பேசுவதற்கான இரண்டு வார்த்தையைக் கொடுத்துவிட்டதுபோல.

“ஏன்னா... அவளுக்கு அவரை அம்புட்டுப் பிடிச்சுப் போச்சு” என்றாள் சத்யப்பிரியா. சொல்லிவிட்டு, யாரும் எழுதித் தராத அந்த வசனத்தோடு, கையையும் நீட்டினாள்.