அசையாத நாற்காலி

அந்தத் தொகுப்பறையில் ஒரே ஒரு இரும்பு நாற்காலிதான். உட்கார இடம் கொடுத்தால் வந்தவர்கள் லேசில் கிளம்ப மாட்டார்கள் என்று அக்கா இன்னொன்று வாங்கவே இல்லை. அவள் படத்தொகுப்பாளர், தம்பி ஒளிப்பதிவாளன். ஆளில்லாத பழைய வீட்டின் கூடத்தில் கேமராவைத் தரையோடு திருகி நிறுத்தி, ஒரு வருஷமாக அங்கேயே தங்கிப் படமெடுக்கிறான். கதை கிடையாது, நடிகர் கிடையாது. வெயில், மழை, பனி, மறுபடி வெயில். அவ்வளவுதான் படம்.

"இதையெல்லாம் யாருடா பாப்பாங்க?"

"நீ பாப்பியே!" என்று சிரிப்பான்.

அவன் அவ்வப்போது அனுப்பிய காட்சிகளைத் தனித்தனியாகப் பார்த்தபோது எதுவும் தெரியவில்லை. அன்று மாலைதான் எல்லாவற்றையும் கோக்க உட்கார்ந்தாள். பருவம் மாறும் இடத்தில் படம் குதிக்கக் கூடாது. அசையாத பொருள் ஒன்றைக் காட்டிவிட்டால், மற்றதையெல்லாம் அதோடு பொருத்திக் கணினி நிறுத்திவிடும். கூடத்துக் கோடியில் கிடந்த மர நாற்காலியைக் காட்டிவிட்டு ஓட்டினாள்.

நாற்காலி நின்றது.

வீடு நகர்ந்தது.

சுவரும் ஜன்னலும் மெல்ல மெல்லப் பின்னால் போயின. 'கேமராவை ஆட்டித் தொலைச்சிருக்கான்' என்று முணுமுணுத்தபடி, ஜன்னல் சட்டத்தைக் காட்டி மறுபடி ஓட்டினாள். வீடு கல்லாட்டம் நின்றது.

நாற்காலி வந்தது.

மழையில் ஜன்னலோரம். பனியில் நடுக்கூடம். அவன் கடைசியாக அனுப்பிய காட்சியில் படத்தை அடைத்துக்கொண்டு ஒரு மரக் கைப்பிடி. கேமராவுக்குப் பின்னால்தான் தம்பி தினமும் படுத்துத் தூங்குகிறான்.

அவள் போனை எடுத்தாள்.

"டேய், அந்த நாற்காலிய நீதான நகத்துன?"

"எந்த நாற்காலி? மொத நாளே வீட்ட சுத்தமா காலி பண்ணிட்டேனேக்கா."

"உடனே கிளம்பு. கேமராவும் வேணாம், ஒண்ணும் வேணாம்."

"கடைசி ஷாட் இப்பதான் முடிஞ்சுது..."

"சொன்னா கேளுடா!"

அவள் குரல் உடைந்ததும் மறுபேச்சில்லாமல் கிளம்பினான். அவன் வந்து சேரும்வரை உயிரைக் கையில் பிடித்துக்கொண்டிருந்தாள். வாசலில் அவன் முகத்தைப் பார்த்த பிறகுதான் மூச்சு வந்தது.

"ஒண்ணும் ஆகலக்கா. இந்தா, கடைசி ஷாட்."

உட்கார்ந்து கார்டைச் செருகினாள். வெயில் விழுந்த வெறும் கூடம். நாற்காலி எங்கும் இல்லை.

"போயிடுச்சுடா," என்றாள். சந்தோஷத்தில் கண்ணீர் வந்துவிட்டது.

முதுகுக்குப் பின்னால் மரம் கிறீச்சிட்டது.

"அப்பாடா," என்று தம்பி சாய்ந்து உட்கார்ந்தான். "நின்னு நின்னு காலெல்லாம் ஒரே வலி."

அக்கா திரும்பவில்லை. தன் நாற்காலியின் இரும்புக் கைப்பிடிகளை இறுகப் பிடித்துக்கொண்டாள். அந்த அறையில் இருந்த ஒரே நாற்காலியில் அவள் உட்கார்ந்திருந்தாள்.