உள்பக்கம் திறக்கும் கதவு

எங்கள் ஊர்க்காரரை வெளியூரில் கண்டுபிடிப்பது சுலபம். எந்த அறையிலிருந்து வெளியே வருவதானாலும் கதவைத் தோளால் ஒரு முட்டு முட்டுவார். அது உள்பக்கம் திறக்கிற கதவாக இருக்கும். நெற்றியில் வாங்கிக்கொண்டு அசடு வழிவார். கல்யாணமான புதிதில் வெளியூர் விடுதி ஒன்றில் என் வீட்டுக்காரர் குளியலறைக்குள் மாட்டிக்கொண்டு, கதவே பெயர்ந்துவிடும்போல முட்டினார். நான் வெளியே நின்று விழுந்து விழுந்து சிரித்தேன்.

எல்லாம் பெருந்தீ கொடுத்த பழக்கம். எங்கள் தாத்தாக்களுக்கும் தாத்தா காலத்தில் ஊரில் முக்கால்வாசி எரிந்துபோனது. இன்றைக்கும் நாங்கள் எதையும் ‘தீக்கு முன்னாடி’, ‘தீக்கு அப்புறம்’ என்றுதான் பிரித்துப் பேசுவோம். பழைய சந்துகளை மண்போட்டு மூடி, அவற்றின் மேல் நேர்கோடாக, அகலமாகப் புதிய தெருக்களைப் போட்டார்கள். இப்போதும் அஸ்திவாரம் தோண்டினால் இடுப்பளவு ஆழத்தில் கறுப்பாக ஒரு அடுக்கு வரும். அதற்குக் கீழேதான் பழைய ஊர் இருக்கிறது. எந்தத் தெரு எங்கே போயிற்று என்று சொல்ல இப்போது ஆளில்லை.

அப்போது போட்ட சட்டம்தான் கதவுச் சட்டம். வீடோ கடையோ, கதவு வெளிப்பக்கம்தான் திறக்க வேண்டும். காரணம் துணிச்சந்தை மண்டபம். கல் கட்டடம், எரியாது என்று நம்பி சுற்றுவட்டாரத்துச் சனமெல்லாம் அதற்குள் ஓடியிருக்கிறார்கள். கட்டடம் எரியவில்லை. உள்ளே அடுக்கியிருந்த துணிமூட்டைகள் புகைந்தன. கதவு பூட்டியிருக்கவும் இல்லை. உள்பக்கம் இழுத்திருந்தால் திறந்திருக்கும். அத்தனை பேரும் சேர்ந்து வெளிப்பக்கம் தள்ளியிருக்கிறார்கள். கதவுக்குப் பின்னால் ஆள்மேல் ஆளாகக் கிடந்தார்களாம். பள்ளிக்கூடத்தில் நாங்கள் இதைச் சொல்லிச் சிரித்திருக்கிறோம். ஒரு கதவை இழுக்கத் தெரியாதா என்று நானே கேட்டிருக்கிறேன்.

அந்த மண்டபத்துக்குத் திரை தைக்கிற வேலை எங்களுக்கு வந்தது.

நாங்கள் என்றால் நானும் என் நாத்தனாரும். வீட்டில் அவளுக்கு வாலு என்று பெயர். வயதுக்கு வந்த பிறகும் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது, குணமும் மாறாததால். அளவெடுப்பது, வெட்டுவது என் வேலை. தையல் அவளுடையது. வேன் ஓட்டுவதும் வாய் ஓட்டுவதும் என் வீட்டுக்காரர். வாலுவுக்குச் சின்ன வயதிலிருந்தே இழுப்பு உண்டு. தூசி பட்டால் போதும், நெஞ்சுக்குள் விசில் அடிக்கும். அதனால் இன்ஹேலர் இல்லாமல் அவள் வாசல் தாண்டக் கூடாது என்பது என் கட்டளை.

மண்டபத்தை நினைவிடமாக்கப் போகிறார்கள். அந்த வேலையைப் பார்க்கிற மேனேஜர் சாவியைக் கொடுத்துவிட்டு, “கரண்ட் இன்னும் வரலை, டார்ச் வெச்சு பார்த்துக்கங்க” என்று சொல்லிப் போய்விட்டார். பகல் வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. தெருவில் ஒரு ஐஸ்கிரீம் வண்டி மணியடித்துக்கொண்டு போனது. ஊரிலேயே உள்பக்கம் திறக்கிற கதவு அந்த மண்டபத்துக் கதவு ஒன்றுதான், ஞாபகத்துக்காக அப்படியே விட்டிருந்தார்கள். கனமான மரக்கதவு. உள்பக்கத்தில் பிடிக்க ஒரு இரும்பு வளையம். என் வீட்டுக்காரர் அதைத் தள்ளித் திறந்து, ஒரு செங்கல்லை முட்டுக்கொடுத்துவிட்டு, வேனை நிழலில் நிறுத்தப் போனார்.

உள்ளே குளிர்ச்சியாக இருந்தது. ஜன்னல்களை எப்போதோ செங்கல் வைத்து அடைத்திருந்தார்கள். சுவர்களைச் சுரண்டிச் சுண்ணாம்பு அடித்திருந்தார்கள், ஆனால் மேலே, டார்ச் எட்டுகிற இடத்தில், கறுப்பு இன்னும் கசிந்துகொண்டுதான் இருந்தது.

நான் ஏணியில் ஏறிக் கம்பியின் நீளத்தை அளந்தேன். இறங்கும்போது வாலு கீழே வழிமறித்து நின்றாள்.

“தள்ளுடி” என்றேன்.

அவள் ஏணியைத் தள்ளினாள். நான் கம்பியைப் பிடித்துத் தொங்காத குறை.

“தள்ளுன்னா நகருன்னு அர்த்தம்டி, அறிவே!”

“தள்ளுன்னா தள்ளத்தான் செய்வாங்க. நகரணும்னா நகருன்னு சொல்லுங்க அண்ணி. உங்க தமிழுக்கு நானா பொறுப்பு?”

சிரித்துக்கொண்டே இறங்கினேன். அப்போதுதான் அந்த வாசனை வந்தது.

துணிக்காரர்களுக்கு இது தெரியும். பருத்தி கருகினால் காகிதம் எரிந்த மாதிரி வாசனை வரும். பட்டோ கம்பளியோ கருகினால் மயிர் பொசுங்கின நாற்றம். சரக்கு அசலா என்று பார்க்க ஒரு நூலைப் பிரித்துக் கொளுத்தி முகர்ந்து பார்ப்போம். முதலில் வந்தது பருத்தி வாசனை.

அடுத்து வந்தது மயிர் வாசனை.

“பட்டு வெச்சிருந்தாங்களோ” என்றாள் வாலு. குரலில் விளையாட்டு இல்லை.

கதவு சாத்திக்கொண்டது. பெரிய சத்தமெல்லாம் இல்லை. செங்கல் தரையில் உரசுகிற சத்தம் கேட்டது, பிறகு வெளிச்சம் போய்விட்டது. டார்ச்சும் மங்கி அணைந்தது. கதவின் அடியில் மட்டும் வெயில் ஒரு நாடாவைப் போல நீளமாகக் கிடந்தது. நாங்கள் இரண்டு பேரும் அதைப் பார்த்து ஓடினோம். ஓடிய வேகத்தில் என்ன செய்தோம் தெரியுமா?

தோளால் முட்டினோம்.

“பூட்டிட்டாங்க அண்ணி!”

“பூட்டலை. இழுக்கணும். இழு!”

வளையத்தைப் பிடித்து இழுத்தேன். கதவு ஒரு விரல் அளவுக்கு வந்தது. தெருவின் சத்தம் உள்ளே வந்தது. பிறகு என் முதுகில் ஏதோ அழுத்தியது, கதவு திரும்பவும் சாத்திக்கொண்டது.

வாலுதான் பின்னாலிருந்து சாய்கிறாள் என்று நினைத்தேன். வாலு எனக்குப் பக்கத்தில் இருந்தாள். அவள் கையை நான் பிடித்துக்கொண்டிருந்தேன்.

அழுத்தம் கூடியது. ஒரு தோள். பிறகு இன்னொரு தோள். யாருடைய முழங்கையோ என் விலாவில் குத்தியது. என் கழுத்தில் சூடாக மூச்சுப் பட்டது. இடுப்பு உயரத்தில் ஒரு சின்னக் கை என் புடவையைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டது.

கீழே பார்த்தேன்.

கதவின் அடியில் கிடந்த வெளிச்சம் துண்டு துண்டாக மறைந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு துண்டும் ஒரு பாதத்தின் அகலம்.

“என் பை” என்றாள் வாலு. “பை வேன்ல இருக்கு அண்ணி.”

இன்ஹேலர் பையில் இருந்தது. அவளுக்கு விசில் ஆரம்பித்துவிட்டது. மாமியார் கண்ணை மூடும்போது இவளை என் கையில்தான் பிடித்துக் கொடுத்தார். அன்றிலிருந்து இவள் நாத்தனார் இல்லை, என் மூத்த பெண். அவள் மூச்சு நின்றுவிட்டால் நான் வெளியே போய் மட்டும் என்ன செய்யப் போகிறேன்?

வெளியிலிருந்து என் வீட்டுக்காரரின் குரல். “ஏய், என்ன விளையாட்டு? கதவுல ஏன் சாய்ஞ்சிட்டு நிக்கிறீங்க?”

“நாங்க சாயலைங்க! நீங்க தள்ளுங்க!”

“தள்ளிட்டுத்தான் இருக்கேன், அசையவே மாட்டேங்குது! உள்ளே எத்தனை பேர் இருக்கீங்க?”

என் கன்னம் மரத்தோடு ஒட்டிக்கொண்டிருந்தது. மரம் கொதித்தது. வாலுவின் கை என் கைக்குள் தளர்ந்துகொண்டே வந்தது.

அப்போது என் காதுக்குப் பக்கத்தில், எனக்கும் கதவுக்கும் நடுவில், ஒரு ஆள் நிற்க இடமே இல்லாத அந்த இடத்தில், ஒரு பெண் பேசினாள். தொண்டை வெந்துபோன குரல்.

“தள்ளுங்க… தள்ளுங்க…”

அவள் சொன்னதும் பின்னாலிருந்து அழுத்தம் இரண்டு மடங்கானது.

“ஐயோ, தள்ளுங்களேன்…”

மூன்று மடங்கானது. வாலு என்னவோ சொல்ல வாய் திறந்தாள், சத்தம் வரவில்லை. எனக்கு அந்தக் குரல்மேல் கொலைவெறி வந்தது. பாவி, நீதானே எல்லாரையும் தள்ளச் சொல்லிக் கொன்றாய் என்று கத்த வாயெடுத்தேன்.

என் நெஞ்சில் இரண்டு உள்ளங்கைகள் பட்டன.

அவை கதவைத் தள்ளவில்லை. என்னைத் தள்ளின. கதவுக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டு, வளையத்தை இடுப்பில் குத்தவிட்டுக்கொண்டு, அந்தப் பெண் தன் முழு பலத்தோடு என்னைப் பின்னால் அனுப்பப் பார்த்தாள். அவளுக்குக் கதவைப் பற்றித் தெரிந்திருந்தது. முதல் ஆளாக வந்தவள், இழுக்க வேண்டும் என்று தெரிந்தவள், இழுக்க இடம் கேட்டாள். நகருங்கள் என்பதைத்தான் அவள் அப்படிச் சொன்னாள். பின்னால் இருந்தவர்கள் காதில் அது வேறு மாதிரி விழுந்தது. உதவி செய்வதாக நினைத்துக்கொண்டு அவர்கள் தள்ளினார்கள். அவள் இன்னும் சத்தமாகச் சொன்னாள். அவர்கள் இன்னும் பலமாகத் தள்ளினார்கள்.

நாங்கள் இவர்களை முட்டாள்கள் என்று சிரித்தோமே.

இருந்த மூச்சையெல்லாம் திரட்டிக் கத்தினேன்.

“நகருங்க! எல்லாரும் பின்னாடி நகருங்க! கதவு உள்பக்கம் திறக்குது! பின்னாடி போங்க!”

அழுத்தம் நின்றது.

முதுகில் இருந்த முழங்கை எடுபட்டது. என் புடவையைப் பிடித்திருந்த சின்னக் கை விட்டது. இருட்டில் பாதங்கள் பின்னால் உரசிக்கொண்டு போயின. வாய்க்கு வாய் அந்தச் சொல் பின்வரிசைக்குப் போவது கேட்டது. நகருங்க. நகருங்க. நகருங்க. மண்டபத்தின் கடைசி மூலை வரைக்கும் போனது.

காலடியில் வெயில் நாடா முழுசாகத் தெரிந்தது.

கதவு தானாகவே திறந்தது போல் இருந்தது. வெளியே தள்ளிக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் அப்படியே உள்ளே வந்து விழுந்தார். அவரைத் தாண்டி வாலுவைத் தரதரவென்று தெருவுக்கு இழுத்துவந்தேன். உதடு நீலமாகியிருந்தது. அவர் ஓடிப்போய்ப் பையைக் கொண்டுவந்தார். இரண்டு முறை அழுத்தினேன், மூன்றாவது முறை இன்ஹேலரில் வெறும் காற்றுதான் வந்தது. அதுவே போதுமானதாக இருந்தது. நெஞ்சு ஏறி இறங்கத் தொடங்கியது. நடுத்தெருவில் உட்கார்ந்து அவளைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதேன். போகிறவர் வருகிறவர் எல்லாம் பார்த்தார்கள். பார்க்கட்டும்.

கதவு திறந்தேதான் கிடந்தது. அதைச் சாத்த எங்களில் யாருக்கும் மனசு வரவில்லை.

வேனில் ஏறும்போது என் வீட்டுக்காரர் பின்சக்கரத்தைப் பார்த்தார். வண்டி பின்பக்கம் தாழ்ந்து, டயர் பிதுங்கி நின்றது.

“துணியெல்லாம் கடைலதானே இருக்கு? என்னத்த ஏத்தின?”

“ஒண்ணும் ஏத்தலையே.”

வேனின் பின்கதவைத் திறந்து பார்த்தார். காலியாக இருந்தது. “ஸ்பிரிங் போயிருக்கும்” என்று முணுமுணுத்துவிட்டு, மேட்டில் முதல் கியர் போட்டு, மூட்டை ஏற்றின லாரி மாதிரி ஓட்டிக்கொண்டு வந்தார். நான் திரும்பிப் பார்க்கவில்லை. வாலு மூச்சு விடுகிறாள், அது போதும் என்று இருந்தது.

வீட்டுக்கு வந்ததும் அவளைப் படுக்கையறையில் படுக்கவைத்து, கூடத்துப் புழுதி வராமல் கதவைச் சாத்தினேன். புது இன்ஹேலர் வாங்க அவர் மருந்துக்கடைக்குப் போனார். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. நான் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து அவள் தலையைக் கோதினேன். மூச்சு சீராக வந்தது. இனிமேல் அந்த மண்டபத்துப் பக்கம் தலைவைத்துப் படுப்பதில்லை என்று முடிவு செய்தேன்.

கூடத்தில் யாரோ இருமினார்கள்.

“அதுக்குள்ள வந்துட்டீங்களா?” என்றேன்.

திரும்பவும் இருமல். இது வேறு தொண்டை. அடுத்தது ஒரு குழந்தை. பிறகு நிறையப் பேர், அடுத்தவர் வீட்டில் சத்தம் போடக் கூடாது என்று வாயைப் பொத்திக்கொண்டு இருமுகிறவர்கள் போல. கதவிடுக்கின் வழியாக மயிர் பொசுங்கின நாற்றம் அறைக்குள் வந்தது.

ஜன்னலில் கம்பி. இருக்கிற வழி கதவு ஒன்றுதான். சட்டப்படி வெளிப்பக்கம் திறக்கிற, நல்ல, பத்திரமான கதவு. எழுந்துபோய்த் தோளால் முட்டினேன்.

கொஞ்சம் கொடுத்தது. பிறகு மெதுவாகத் திரும்பி வந்தது. அந்தப் பக்கம் இருந்தது சுவர் மாதிரி இல்லை. மெத்தென்று இருந்தது. சூடாக இருந்தது.

“நகருங்க” என்றேன். எனக்கே என் குரல் கேட்கவில்லை. “கொஞ்சம் நகருங்க, நாங்க வெளியே வரணும்.”

கூடத்தில் இருமல் அடங்கியது. கதவை ஒட்டி அந்த வெந்துபோன தொண்டை பேசியது. இப்போது அதில் பதற்றம் இல்லை, சங்கடம்தான் இருந்தது.

“எங்கம்மா நகர்றது? எங்க தெரு ஒண்ணுகூட இங்க இல்லையே.”

கட்டிலில் வாலுவின் நெஞ்சுக்குள் விசில் மறுபடியும் ஆரம்பித்தது.